சித்தப்பாவும் எறிகுண்டும்

வடலூர் தருமச்சாலை அடுப்பை வள்ளலார் மூட்டியது 1867இல். இன்றுவரை அணையவில்லை. பக்கத்திலே நெய்வேலி, அங்கே எரிவது வேறு அடுப்பு. 1957 மே மாதம் நேரு சுரங்கப் பணியைத் தொடங்கிவைத்தார். பழுப்பு நிலக்கரியில் ஓடும் அனல்மின் நிலையத்தை எழுப்ப சோவியத் ரஷ்யா கைகொடுத்தது.

அதே 1957ஆம் ஆண்டுக்கான லெனின் சமாதானப் பரிசை மாஸ்கோ ஒரு திருச்சிக்காரருக்கு வழங்கியது. சர் சி.வி. ராமன்தான். அவருடைய நோபலும் பாரத ரத்னாவும் பள்ளிப் பிள்ளைகளுக்கும் தெரியும். இந்தப் பரிசைச் சொன்னால் பெரியவர்களே புருவத்தை உயர்த்துகிறார்கள். பரிசு தந்த கை மட்டும் சுத்தமா என்றால், ஹைட்ரஜன் குண்டும் அந்தக் கையில்தான் இருந்தது.

எனக்கு ராமனைவிட அவருடைய அண்ணன் மகன் கதைதான் உறுத்துகிறது. நட்சத்திரங்களின் முடிவைக் கணக்கிட்ட சந்திரசேகர், இரண்டாம் உலகப்போரின்போது அமெரிக்காவில் யெர்க்ஸ் வானாய்வுக்கூடத்தில் பணியாற்றியபடியே, மேரிலாந்தின் அபர்தீன் ராணுவச் சோதனைக் களத்துக்கும் போய்வந்தார். ஹிட்லரை வேறு எப்படித்தான் நிறுத்துவது என்று நல்லவர்களும் கேட்டுக்கொண்டிருந்த காலம். 1943இல் அவர் எழுதிய அறிக்கைகளில் ஒன்றின் பொருள்: 105 மில்லிமீட்டர் எறிகுண்டு எந்த உயரத்தில் வெடித்தால் பலன் அதிகம்?

பலன் என்றால் என்ன பலன் என்று சொல்ல வேண்டியதில்லை.

கொலையும் புலையும் விட்டவர்களே உள்ளே வரலாம் என்பது வடலூர் ஞானசபை வாசலில் உள்ள விதி. சந்திரசேகர் கடைசிவரை சைவ உணவுக்காரர், புலை தவிர்த்தவர். கொலை? வாசலில் நிற்பவர் என்ன சொல்லி அவரை அனுப்புவார் என்று தைப்பூச நெரிசலில் நின்று யோசித்திருக்கிறேன். விடை கிடைத்தபாடில்லை.

பிறகு ஓப்பன்ஹைமரிடமிருந்து அழைப்பு வந்தது, அணுகுண்டு உருவாகிக்கொண்டிருந்த லாஸ் அலமோஸுக்கு. பாதுகாப்பு அனுமதி தாமதமானது, அவர் போகவில்லை. மனசாட்சி தடுத்தது என்று எழுதினால் கட்டுரை அழகாக இருக்கும். தடுத்தது ஒரு காகிதம்.

1945 ஆகஸ்ட் 6. ஹிரோஷிமாவில் குண்டு தரையில் விழுந்து வெடிக்கவில்லை. சுமார் 580 மீட்டர் உயரத்திலேயே வெடித்தது. எந்த உயரத்தில் வெடித்தால் அழிவு அதிகம் என்று முன்கூட்டியே கணக்குப் போட்டிருந்தார்கள். அந்தக் கணக்கு சந்திரசேகர் போட்டதல்ல. அவர் போட்டது 105 மில்லிமீட்டருக்கு.

(தொடரும்)