இப்ரானி, இஸ்ராயீல், யஹூத்: மூன்று பெயர்களின் வரலாறு



புகழனைத்தும் வல்ல ரஹ்மானுக்கே உரியன. ஸலாத்தும் ஸலாமும் அண்ணல் நபி (ஸல்) அவர்கள் மீதும், அவர்களின் குடும்பத்தார், தோழர்கள் மீதும் உண்டாவதாக!

ஃபலஸ்தீன மக்கள் படும் துயரைக் கேட்கும்போதெல்லாம் நம் நெஞ்சம் கொதிக்கிறது. அந்தக் கொதிப்பில் நாவு எல்லை மீறுவதும் உண்டு. ‘இஸ்ராயீல் நாசமாகட்டும்’ என்கிறோம். நம்மிடையே வஞ்சகம் செய்பவனை ‘யஹூதி’ என்று வைகிறோம். இச்சொற்கள் யாருடைய பெயர்கள் என்று சிந்தித்திருக்கிறோமா? ஒரே சமுதாயத்தைச் சுட்ட இப்ரானி, இஸ்ராயீல், யஹூத் என மூன்று பெயர்கள் வழங்குகின்றன. மூன்றுக்கும் பொருள் வேறு. பிறந்த காலமும் வேறு.

கடந்து வந்தவர்கள்

தமிழ் பைபிளில் ‘எபிரெயர்’ என்று வருவதே அரபியில் ‘இப்ரானி’. பைபிளின் ஆதியாகமத்தில் (14:13) முதன்முதலில் இப்பெயரால் குறிக்கப்படுபவர் இப்ராஹீம் (அலை) அவர்கள். இதன் பெயர்க் காரணம் பற்றி இரு கருத்துகள் உள்ளன. நூஹ் (அலை) அவர்களின் மகன் ஸாம் வழியில் வந்த ஆபிர் என்ற மூதாதையின் பெயரால் அமைந்தது என்பது ஒன்று. ஐன், பா, ரா என்ற மூல எழுத்துகளுக்குக் ‘கடத்தல்’ என்பது பொருள். ஃபுராத் நதிக்கு அப்பாலிருந்து கடந்து வந்ததால் இப்பெயர் ஏற்பட்டது என்பது மற்றொன்று. கி.மு. 3ஆம் நூற்றாண்டில் தவ்ராத்தைக் கிரேக்க மொழியில் பெயர்த்தவர்களும் அவ்விடத்தில் ‘அப்பாலிருந்து வந்தவர்’ எனப் பொருள்படும் சொல்லையே இட்டனர்.

திருக்குர்ஆன் ‘இப்ரானி’ என்ற சொல்லைக் கையாளவில்லை. ஹதீஸில் அது இடம்பெறுகிறது. வரக்கா இப்னு நவ்ஃபல் இப்ரானி மொழியில் எழுதத் தெரிந்தவர் என்று புகாரீயில் காண்கிறோம். யஹூதிகளின் எழுத்தைக் கற்குமாறு ஸைத் இப்னு ஸாபித் (ரலி) அவர்களுக்கு நபி (ஸல்) அவர்கள் கட்டளையிட்டதையும், அவர்கள் சுமார் 15 நாட்களில் அதைக் கற்றுத் தேர்ந்ததையும் திர்மிதீ பதிவு செய்துள்ளது. அம்மக்களுடன் பூசல்கள் இருந்த அக்காலத்திலும் அவர்களின் மொழியை நபியவர்கள் வெறுத்து ஒதுக்கவில்லை.

ஒரு நபியின் பெயர்

‘இஸ்ராயீல்’ என்பது யஃகூப் (அலை) அவர்களின் மற்றொரு பெயர். ‘அல்லாஹ்வின் அடிமை’ என்பது இதன் பொருள் என நம் முஃபஸ்ஸிர்கள் பலர் விளக்கியுள்ளனர். பைபிளோ இறைவனுடன் போராடியவர் என்று வேறு காரணம் கூறுகிறது. ‘ஈல்’ என்பது இறைவனைக் குறிக்கும் பழஞ்சொல். ஜிப்ரீல், மீகாயீல், இஸ்மாயீல் ஆகிய பெயர்களின் இறுதியிலும் அதுவே ஒலிக்கிறது.

இஸ்ராயீல் தம்மீது விலக்கிக்கொண்ட உணவைப் பற்றித் திருக்குர்ஆன் 3:93 பேசுகிறது. அவர்களின் சந்ததியை ‘பனூ இஸ்ராயீல்’ என்று சுமார் நாற்பது இடங்களில் அழைக்கிறது. ஓர் இனத்தின் பெயராக இது எகிப்திலும் பதிவாகியுள்ளது. மெர்னெப்தாஹ் என்ற ஃபிர்அவ்ன் கி.மு. 1208 அளவில் நாட்டிய கல்வெட்டில் இப்பெயர் இருப்பதை 1896இல் பிளிண்டர்ஸ் பெட்ரி கண்டறிந்தார். 1948இல் அமைந்த ஓர் அரசு இப்பெயரைச் சூட்டிக்கொண்டதால், அது ஒரு நபியின் பெயர் என்பது மாறிவிடுமா? அநீதியைக் கண்டிப்பது கடமை. அந்த அரசின் பெயரையும் அதன் செயலையும் தெளிவாகச் சொல்லிக் கண்டிக்க வேண்டும். நபியின் பெயர் மீது சாபம் விழலாகாது.

கோத்திரம் சமயமாயிற்று

யஃகூப் (அலை) அவர்களின் மகன்களுள் ஒருவர் யஹூதா. ‘புகழ்தல்’ என்ற பொருளில் தாய் அப்பெயரை இட்டதாக ஆதியாகமம் (29:35) கூறுகிறது. சுலைமான் (அலை) அவர்களுக்குப் பின், கி.மு. 930 அளவில் ஆட்சி இரண்டாகப் பிளந்தது. வடபகுதி ‘இஸ்ராயீல்’ என்றும் தென்பகுதி ‘யஹூதா’ என்றும் பெயர் பெற்றன. வடபகுதியை கி.மு. 722 அளவில் அசீரியரும், தென்பகுதியை கி.மு. 586 அளவில் பாபிலோனியரும் அழித்தனர். எஞ்சி நின்ற தென்பகுதியின் பெயரே முழுச் சமுதாயத்திற்கும் ஆகி வந்தது. பைபிளின் எஸ்தர் ஆகமத்தில் (2:5) வரும் மொர்தெகாய் பின்யாமீன் கோத்திரத்தவர். எனினும் யஹூதி என்றே அழைக்கப்படுகிறார்.

இப்ராஹீம் (அலை) அவர்கள் யஹூதியாகவோ நஸ்ரானியாகவோ இருந்ததில்லை என்று திருக்குர்ஆன் 3:67 அறிவிக்கிறது. யஹூதாவோ இப்ராஹீம் நபியின் கொள்ளுப்பேரர்! அந்த நபி வாழ்ந்த காலத்தில் அப்பெயரே பிறக்கவில்லை. அல்லாஹ்வின் வாக்குக்குச் சொல்லின் வரலாறும் சான்று பகர்கிறது.

அரபியில் ‘ஹாத’ என்றால் ‘மீண்டான், தவ்பா செய்தான்’ என்று பொருள். இறைவன்பால் மீண்டோம் என மூஸா (அலை) அவர்கள் இறைஞ்சியதாக 7:156இல் வருவது இச்சொல்தான். யஹூத் என்ற பெயரை இதனோடு இணைத்து விளக்கிய முஃபஸ்ஸிர்களும் உண்டு.

வசைச் சொல்லுக்கு மறுமொழி

அன்னை ஸஃபிய்யா (ரலி) அவர்கள் பனூ நளீர் கோத்திரத் தலைவரின் மகள். ஹிஜ்ரி 7இல், கைபர் வெற்றிக்குப் பின் நபி (ஸல்) அவர்களை மணந்தவர்கள். ‘யஹூதியின் மகள்’ எனத் தம்மைக் குத்திப் பேசியதைக் கேட்டு அவர்கள் அழுதார்கள். நீ ஒரு நபியின் மகள், உன் தந்தையின் சகோதரரும் ஒரு நபி, நீ வாழ்க்கைப்பட்டிருப்பதும் ஒரு நபிக்கே என்ற கருத்தில் நபியவர்கள் ஆறுதல் மொழிந்ததைத் திர்மிதீயில் காண்கிறோம். அன்னையவர்களின் வமிசம் ஹாரூன் (அலை) அவர்களைச் சென்றடைகிறது. ஹாரூனின் சகோதரர் மூஸா (அலை). வசையாக வீசப்பட்ட பெயருக்குள் இரு நபிமார்கள் இருப்பதை அண்ணலார் காட்டினார்கள். பட்டப்பெயர் சூட்டி இழிவுபடுத்துவதைத் தடுக்கும் 49:11 வசனத்தின் விளக்கத்திலும் இந்நிகழ்ச்சியைச் சிலர் எடுத்துரைத்துள்ளனர்.

அருமைச் சகோதரர்களே! அதே பனூ நளீர், உடன்படிக்கைக்குத் துரோகம் செய்ததால் ஹிஜ்ரி 4இல் மதீனாவிலிருந்து வெளியேற்றப்பட்டனர். அதைக் கூறும் 59:2 வசனம், பார்வையுடையோர் படிப்பினை பெறட்டும் என்ற கருத்துடன் முடிகிறது. அங்கே வரும் கட்டளைச் சொல்லும், நாம் சொல்லும் ‘இப்ரத்’தும், ‘இப்ரானி’க்குரிய அதே ஐன், பா, ரா என்ற மூலத்தைக் கொண்டவை. கண்ட நிகழ்ச்சியோடு நில்லாமல், அதைக் கடந்து உண்மையை உணர்வதே இப்ரத். அவர்கள் செயலுக்காகக் கண்டிக்கப்பட்டார்கள், பிறப்புக்காக அல்ல. வேதக்காரர்கள் அனைவரும் ஒரே தரத்தினர் அல்லர் என்று 3:113 தெளிவாக்குகிறது. நபியின் வமிசம் என்ற பெயர் அவர்களைக் காக்கவில்லையெனில், முஸ்லிம் என்ற பெயர் மட்டும் நம்மைக் காத்துவிடுமா?

அநீதியை வெறுக்கும் உள்ளத்தையும், நீதி தவறாத நாவையும் அல்லாஹ் நமக்குத் தந்தருள்வானாக! ஒடுக்கப்பட்ட மக்களுக்கு விடிவை அருள்வானாக! ஆமீன்.