பர்மாவில் 1930: நாம் மறந்துபோன ஓராண்டு

நம்மவர் நினைவில் பர்மா பெரும்பாலும் 1942-இல்தான் தொடங்குகிறது. இரங்கூனில் விழுந்த ஜப்பானியக் குண்டுகள், அரக்கான் மலைவழியே நடந்த நடை, வழியில் மாண்டுபோன உறவினர் என்று பாட்டிமார் சொல்லக் கேட்ட கதைகள் அந்த ஆண்டோடு நின்றுவிடுகின்றன. ஆனால் அந்த மண்ணில் இந்தியருக்கு இனி இடமில்லை என்ற குரல் எப்போது எழுந்தது என்று தேடிப் புகுந்தால், பன்னிரண்டு ஆண்டுகள் பின்னோக்கிச் செல்ல நேர்கிறது. 1930-ஆம் ஆண்டைச் சற்று நின்று பார்ப்போம்.

அவ்வாண்டு மே 5-ஆம் நாள், நள்ளிரவு கடந்த சிறிது நேரத்தில், குஜராத்தின் கராடி என்னும் சிற்றூரில் காந்தியடிகள் கைது செய்யப்பட்டார். அதே நாள் இரவு பெகு நகரம் நிலநடுக்கத்தில் சரிந்தது. ஏறத்தாழ ஐந்நூறு பேர் மாண்டனர். மோன் அரசர்களின் பெருமைக்குச் சான்றாய் நின்ற ஷ்வேமாடோ தூபி இடிந்து வீழ்ந்தது. அது மீண்டும் முழு உயரத்துக்கு எழுந்து நிற்க 1950-கள் வரை காத்திருக்க வேண்டியிருந்தது. நிமித்தங்களை நம்பும் மக்களுக்கு இதைவிடத் தெளிவான அறிகுறி வேறு என்ன வேண்டும்?

பெகுவின் இடிபாடுகள் அகற்றப்படும் முன்பே இரங்கூன் துறைமுகத்தில் வேறொரு பிளவு தெரிந்தது. அந்நகரில் அப்போது பாதிக்கு மேற்பட்டோர் இந்தியர் என்பதை இங்கே நினைவிற் கொள்ள வேண்டும். கப்பல்களில் சரக்கு ஏற்றி இறக்கியவர்கள் பெரும்பாலும் ஆந்திரக் கடற்கரையிலிருந்து மேஸ்திரிகள் வழியே வந்த தெலுங்குக் கூலிகள். கோதாவரிக் கரையிலுள்ள கோரிங்கா துறையின் பெயரே அவர்களுக்கு இனப்பெயராகி, இறுதியில் இழிபெயராகவும் ஆயிற்று. மே மாதத்தில் அவர்கள் கூலி உயர்வு கேட்டு வேலைநிறுத்தம் செய்தனர். முதலாளிகள் பர்மியரை அமர்த்தினர். பின்னர் சிறு உயர்வுக்கு உடன்பாடு ஏற்பட்டது. மே 26, திங்கட்கிழமை காலை பழைய கூலிகள் திரும்பி வந்தனர். இனி வேலையில்லை என்ற செய்தி எட்டாத பர்மியரும் வழக்கம்போல் வந்து நின்றனர். ஒரு கேலிச் சிரிப்பு, ஒரு கைகலப்பு. அதன்பின் பல நாட்கள் நகரத் தெருக்களில் கொலை. நூற்றுக்கும் மேற்பட்டோர் இறந்தனர். அவர்களுள் மிகப் பெரும்பாலோர் அந்தத் தெலுங்குக் கூலிகளே. அப்போது நகர நடுவராக இருந்த மாரிஸ் காலிஸ் பின்னாளில் எழுதிய நூலில் இந்நாட்களைக் குறித்திருக்கிறார்.

இங்கே நம் மனத்தை உறுத்துவது ஒன்றுண்டு. இரு தரப்பினரும் ஒரே மூட்டையைச் சுமக்கப் போட்டியிட்ட ஏழைகள். வேலைக்கு அழைத்தவரும் திருப்பி அனுப்பியவரும் வெட்டுப்படவில்லை.

கலவரம் ஓயும் முன்பே 'டோபமா' என்ற சொல் தெருவுக்கு வந்தது. 'நாம் பர்மியர்' என்பது அதன் பொருள். பா தாவ்ங் தொடங்கிய டோபமா அசியாயோன் இயக்கத்தார், வெள்ளையரை அழைக்கப் பயன்பட்ட 'தாக்கின்', அதாவது எஜமான் என்ற பட்டத்தைத் தம் பெயருக்கு முன்னே சூட்டிக்கொண்டனர். ஆங் சானும் ஊ நூவும் பிற்காலத்தில் இவ்வணியிலிருந்தே எழுந்தனர். ஜூனில் வெளிவந்த சைமன் குழுவின் அறிக்கை பர்மாவை இந்தியாவிலிருந்து பிரிக்கப் பரிந்துரைத்தது. பிரிவினை நடந்தேறியது 1937 ஏப்ரல் முதல் நாள்.

ஆனால் ஆண்டின் பெருநிகழ்வு நகரத்தில் நிகழவில்லை. உலகப் பொருளாதார வீழ்ச்சி ஐராவதிச் சமவெளியின் களத்துமேட்டை அடைந்திருந்தது. அடுத்த ஆண்டுத் தொடக்கத்துக்குள் நெல்விலை 1920-களின் நடுவில் இருந்ததில் பாதிக்கும் கீழே சரிந்தது. தலைவரியோ குறையவில்லை: மணமானவனுக்கு ஐந்து ரூபாய், மணமாகாதவனுக்கு இரண்டரை. நெல் விற்ற காசு கையில் வந்தாலும் வராவிட்டாலும் கட்டியாக வேண்டும். தாராவாடி மக்கள் சலுகை கேட்டு விண்ணப்பித்தனர். டிசம்பர் 21 அன்று அங்கு வந்த தற்காலிக ஆளுநர் மறுத்துவிட்டார். அவரும் ஒரு பர்மியர், சர் ஜோசப் மாவ்ங் ஜி என்பது வரலாற்றின் குறும்பு. மறுநாள் இரவு கிளர்ச்சி வெடித்தது.

தலைமை ஏற்ற சாயா சான் நாட்டு வைத்தியர், சோதிடமும் அறிந்தவர், குடியானவர் மீதான வரிக்கொடுமையை ஊர் ஊராகச் சென்று விசாரித்தவர். அக்டோபர் 28 இரவு, குறித்த நாழிகையில், அரசனாக முடிசூடிக்கொண்டார். அவர் படைக்குக் 'கலோன்' என்று பெயர். நம் கருடன்தான் அது. நாகமாகிய அந்நியனை வீழ்த்தும் பறவை. பச்சை குத்திக்கொண்டால் குண்டு துளைக்காது என்று நம்பிய குடியானவர்கள் கத்தியும் நாட்டுத் துப்பாக்கியுமாக இயந்திரத் துப்பாக்கிகளின் முன் சென்றனர். இதை மூடநம்பிக்கை என்று சிரித்து ஒதுக்கிய வெள்ளை அதிகாரிகளோடு நாம் சேர்ந்துகொள்ள வேண்டியதில்லை. வரியும் கடனும் நெருக்கியவனுக்குப் பச்சை குத்திக்கொள்வதைத் தவிர வேறு கவசம் ஏது? 1931 ஆகஸ்டில் சாயா சான் பிடிபட்டார். டாக்டர் பா மாவ் அவருக்காக வாதாடியும் பயனின்றி, அவ்வாண்டு நவம்பரில் தூக்கிலிடப்பட்டார்.

கடன் என்று சொல்லும்போது நாம் நம் வீட்டுப் பேரேட்டையும் திறந்தாக வேண்டும். அதே காலத்தில் வங்கி விசாரணைக் குழுவொன்று தந்த மதிப்பீட்டின்படி, பர்மாவில் நாட்டுக்கோட்டைச் செட்டியார்களின் கடைகள் 1,650 அளவில் இருந்தன. மூலதனம் ஏறத்தாழ 75 கோடி ரூபாய். செட்டியார்கள் நிலத்தை விரும்பிப் போகவில்லை. அவர்களுக்கு வேண்டியது வட்டியோடு திரும்பும் பணம். நெல்விலை விழுந்தபின் பணம் திரும்பவில்லை, அடமான நிலம் திரும்பியது. 1930-இல் கீழ்ப் பர்மாவின் 13 முதன்மை நெல் மாவட்டங்களில் நூற்றுக்கு 6 பங்கு நிலம் அவர்கள் கையில் இருந்தது. 1937-38-இல் 25 பங்கு. இலண்டன் சந்தையைப் பர்மிய உழவன் கண்டதில்லை. இரங்கூன் முகல் தெருவிலிருந்து வந்த ஏடும் அடுத்தாளும்தான் அவன் கண்ணுக்குத் தெரிந்தவை. செட்டியார்களைக் கொடியவராக்கும் எழுத்தை நாம் ஏற்பதில்லை. அச்சமவெளியில் காடு வெட்டிக் கழனியாக்கப் பணம் தந்தவர்களும் அவர்களே. ஆயினும் செட்டிநாட்டு வீடுகளின் பர்மாத் தேக்குத் தூண்களைப் பார்த்து வியக்கும் நாம், அந்த உழவனின் கணக்கை இன்னும் படிக்கவில்லை என்றே தோன்றுகிறது.

சாயா சானைப் பற்றி ஒரு செய்தி மிச்சமுள்ளது. ஒன்பது என்ற எண்ணில் அளவிறந்த நம்பிக்கை கொண்ட நே வின் ஆட்சி, 1987-இல் பழைய பணத்தாள்கள் சிலவற்றை ஒரே நாளில் செல்லாதவையாக்கி மக்களின் சேமிப்பை அழித்தது. அதையடுத்து ஒன்பதால் வகுபடும் 45 கியாத், 90 கியாத் தாள்கள் வெளிவந்தன. அந்தத் தொண்ணூறு கியாத் தாளில் அச்சிடப்பட்ட முகம் தாராவாடிக் கிளர்ச்சிக்காரருடையது.