யாருடைய பாட்டு?
'சாங் ஆஃப் சிலோன்' படத்தை முன்வைத்து

சாமானிய மக்களின் வாழ்வைக் கவித்துவமாகப் படம்பிடித்தார் என்று ஓர் ஆவணப்பட இயக்குநரைப் பாராட்டுவது நமக்கு எளிது. அந்தக் கவிதை யார் காசில் எழுதப்பட்டது, யார் வாயால் சொல்லப்பட்டது என்று கேட்பதுதான் பழக்கமில்லை. பேசில் ரைட் 1934இல் எடுத்த 'சாங் ஆஃப் சிலோன்' படத்தை வைத்து அதைக் கேட்டுப் பார்க்கலாம்.

செல்லிப்பட்டில் எங்கள் வீட்டுத் திண்ணையில் லேப்டாப்பில் இந்தப் படத்தைப் போட்டிருந்தேன். ஆயுசு முழுக்க நடவும் களையுமாகக் கழித்த பெரியம்மா வந்து உட்கார்ந்தார். கொழுந்து பறிக்கும் பெண்கள் வரும் இடத்தில் கேட்டார்: "இன்னாடா இது, அம்மாம் பேரு வேலை செய்யறாங்க, ஒருத்தி கூட வாயத் தொறக்கல? கள எடுக்கறப்ப எங்கள வாய மூடச் சொன்னா மூடுவமா?"

இதைவிடக் கூர்மையான விமர்சனம் எனக்குத் தெரிந்து இந்தப் படத்துக்கு இல்லை.

படம் பிறந்த கதை இது. உலகப் பொருளாதார மந்தத்தில் தேயிலை விலை சரிந்துகிடந்தது. இலங்கைத் தேயிலைப் பிரச்சார வாரியம் நான்கு சிறு பயணப் படங்கள் கேட்டது. பிரிட்டிஷ் ஆவணப்பட இயக்கத்தின் மையமாக இருந்த ஜான் கிரியர்சன், ரைட்டை அனுப்பினார். ரைட்டுக்கு அப்போது வயது 26. கேட்டதைத் தராமல், நான்கையும் ஏறக்குறைய 40 நிமிடம் ஓடும் ஒரே படமாக்கினார்: புத்தர், கன்னித்தீவு, வணிகத்தின் குரல்கள், ஒரு தெய்வத்தின் ஆடை என நான்கு பகுதிகள். மலையேறும் யாத்ரீகர் ஒருவர் மணியை அடிக்கிறார்; ஒரு பறவை பறக்கிறது; மணியின் அதிர்வு அதன் கூடவே நீர்மேலும் மலைமேலும் போகிறது. எடிட்டிங் என்பது சிந்தனை என்று காட்டிய இடம் அது. 1935 பிரஸ்ஸல்ஸ் விழாவில் முதல் பரிசு கிடைத்ததில் வியப்பில்லை.

மூன்றாம் பகுதிக்கு வருவோம். கொழுந்து பறிக்கும் விரல்கள். மேலே ஆங்கிலத்தில் சந்தை விலை, கப்பல் விவரம், வியாபாரக் கடித வாசகம். காசு கொடுத்த முதலாளியின் பேச்சையே இரைச்சலாக்கிக் காட்டியிருக்கிறார் ரைட். விளம்பரப் படம் தன் எஜமானனுக்கு எதிராகத் திரும்பும் கணம் இது. இதை மறுக்கக் கூடாது.

ஆனால் அந்தப் பெண் யார்? திருச்சி, சேலம், புதுக்கோட்டைப் பக்கமிருந்து கங்காணிமார் கூட்டிப்போன குடும்பத்து மகள். 1820களில் காப்பித் தோட்டங்களுக்குப் போனவர்கள், மன்னாரிலிருந்து காட்டு வழியே மலைக்கு நடந்தார்கள். வழியில் செத்தவர்கள் ஏராளம். 1869க்குப் பின் இலைநோய் காப்பியை அழித்தது. அந்த இடத்தில் தேயிலை வந்தது. 1931இல் இலங்கைக்கு வயது வந்தோர் வாக்குரிமை கிடைத்தபோது, இவர்களுக்கு மட்டும் வசிப்பிட நிபந்தனைகள் குறுக்கே நின்றன.

படத்தின் கட்டமைப்பைப் பாருங்கள். சிங்களக் கிராமமும் பௌத்தமும் தீவின் ஆன்மா, அதுதான் 'பாட்டு'. தோட்டத் தொழிலாளி வருவது வணிகம் என்ற தலைப்பின் கீழ், வெளியிலிருந்து வந்த பண்டங்களோடு ஒன்றாக. 1948 குடியுரிமைச் சட்டம் இவர்களை நாடற்றவர்களாக்கியது. 1964 சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தம் 9,75,000 பேரைக் கணக்குப் போட்டது: 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு, மிச்சம் 1,50,000 பேர் பிறகு பார்க்கலாம் என்று. படம் சட்டத்துக்குக் காரணம் என்று சொல்லவில்லை. இரண்டும் ஒரே சொல்லாடலுக்குள் இயங்குகின்றன என்கிறேன்.

அன்றைக்கு ஒலிப்பதிவு வசதி இல்லையே என்பார்கள். உண்மைதான், படத்தின் ஒலி லண்டனில்தான் சேர்க்கப்பட்டது. ஆனாலும் குரல்கள் கிடைத்தன. 1660இல் கண்டி அரசனிடம் பிடிபட்டு 1679இல் தப்பிய ராபர்ட் நாக்ஸ் 1681இல் எழுதிய நூலின் வரிகள் கிடைத்தன. அவற்றை வாசிக்கக் கொழும்புப் புகைப்படக் கலைஞர் லயனல் வெண்ட் கிடைத்தார். இருநூற்றைம்பது வருஷத்துக்கு முந்தைய வெள்ளைக்காரக் கைதிக்குக் கிடைத்த வாய், உயிரோடு எதிரில் நின்ற தமிழ்ப் பெண்ணுக்குக் கிடைக்கவில்லை. தேடப்படவில்லை என்பதே சரி.

இது இலங்கைக் கதை மட்டுமல்ல. 19ஆம் நூற்றாண்டில் புதுச்சேரி, காரைக்கால் கரைகளிலிருந்தும் ரீயூனியன், மார்த்தினிக், குவாதலூப் கரும்புத் தோட்டங்களுக்குக் கப்பல்கள் போயின. போனவர்களைப் பற்றிப் பதிவேடுகள் பேசுகின்றன. அவர்கள் பேசியது அநேகமாக நம்மிடம் இல்லை.

கவித்துவம் வேண்டாம் என்பதல்ல என் வாதம். உழைப்பவரின் உடலசைவில் அழகைக் காண்பது அவரை மதிப்பதுதான். ஆனால் உடலை அழகாக்கிவிட்டுப் பேச்சை எடுத்துவிட்டால், அழகே அவரை மௌனமாக்கும் கருவியாகிவிடுகிறது. இன்று கையில் கேமராவோடு கிராமங்களுக்கும் போராட்டக் களங்களுக்கும் போகிற நம் தோழர்கள், வெட்டி ஒட்ட உட்காரும்போது முதலில் பெரியம்மாவின் கேள்வியைக் கேட்டுக்கொள்ளட்டும்: இத்தனை பேர் வேலை செய்கிறார்களே, ஒருத்தியாவது வாயைத் திறந்தாளா?