பெரிய மனிதர்களைத் தோலுரித்த பேனா

1980-ல் வெளியான ‘யமனுக்கு யமன்’ படத்தில் சிவாஜி எமலோகத்தையே ஒரு கலக்கு கலக்கினாரே, நினைவிருக்கிறதா? அதன் தெலுங்கு மூலமான ‘யமகோலா’வுக்கு வசனம் எழுதியவர் டி. வி. நரசராஜு. 2006 ஆகஸ்ட் 28 அன்று அவர் ஹைதராபாத்தில் காலமானபோது தமிழ்நாட்டில் பலருக்கு அந்தப் பெயரே புதிதாக இருந்திருக்கும். ஆந்திரத்திலும் நடிகர்களைக் கொண்டாடிய அளவுக்கு அவரைக் கொண்டாடவில்லை என்பது என் ஆதங்கம்.

1920-ல் குண்டூர் மாவட்டத்தில் பிறந்தவர். எம். என். ராயின் மனிதநேயக் கொள்கையில் ஊறியவர். மேடைக்கு எழுதிக்கொண்டிருந்தவரின் ‘நாடகம்’ என்ற நாடகத்தைப் பார்த்த ‘பாதாள பைரவி’ இயக்குநர் கே. வி. ரெட்டி, அவரைச் சினிமாவுக்கு அழைத்தார். அன்றைக்குத் தெலுங்கு சினிமாவுக்குத் தலைநகரம் நம்முடைய வடபழனிதான்.

அப்படிப் பிறந்த முதல் படம் ‘பெத்தமனுஷுலு’ (பெரிய மனிதர்கள், 1954). இப்சனின் ‘சமூகத்தின் தூண்கள்’ நாடகத்தைத் தழுவிய கதை. மந்திரவாதிகளும் ராட்சசர்களும் வில்லன்களாக வசூலை அள்ளிய காலத்தில், நரசராஜு காட்டிய வில்லன் நகராட்சித் தலைவர் தர்மாராவ். ஊரே கையெடுத்துக் கும்பிடும் மனிதர். உள்ளே முழுக்க அழுகல். எதிரே, ஊர் பைத்தியம் என்று ஒதுக்கிய சங்கரய்யாவாக ரேலங்கி. சுதந்திரம் வந்து ஏழே ஆண்டுகள். கதர் ஜிப்பாவுக்கு மரியாதை குறையாத அந்த நாளில் இப்படி எழுத நெஞ்சுரம் வேண்டும். சிறந்த தெலுங்குப் படத்துக்கான ஜனாதிபதி வெள்ளிப் பதக்கமும் கிடைத்தது.

கே. வி. ரெட்டியிடம் எழுதுவது லேசுப்பட்ட காரியமல்ல. வசனத்தைப் படிக்கச் சொல்லி ஸ்டாப் வாட்சில் நேரம் பார்ப்பார். காட்சி எத்தனை அடி ஃபிலிம் பிடிக்கும் என்று படப்பிடிப்புக்கு முன்பே கணக்குப் போட்டுவிடுவார். வழவழ வசனத்துக்கு அங்கே இடமே இல்லை. நரசராஜுவின் பாத்திரங்கள் திண்ணையில் பேசுவதுபோலச் சுருக்கமாகப் பேசியதில் இந்தப் பட்டறைக்கும் பங்கு உண்டு.

1955-ல் ‘தொங்க ராமுடு’. பிறகு ‘குண்டம்மா கத’ (1962). அதற்கு அவர் எழுதிய திரைக்கதை முதலில் இயக்கவிருந்த சி. புல்லய்யாவுக்குப் பிடிக்கவில்லை, தயாரிப்பாளர் சக்ரபாணி அதை மாற்றி எழுதினார். எந்த எழுத்தாளருக்கும் வலிக்கும். ஆனால் வசனகர்த்தாவாகத் திரையில் வந்தது நரசராஜுவின் பெயர்தான். குண்டம்மாவாக நடித்த சூர்யகாந்தம் வாய் திறந்தாலே தியேட்டர் அதிர்ந்தது. அதே ஆண்டு அதே கதை தமிழில் ‘மனிதன் மாறவில்லை’ என்று வந்து, அங்கே கண்ட வெற்றியை இங்கே காணாமல் போனது.

தெலுங்கு சினிமா மெல்ல மெல்ல ஹைதராபாத்துக்குக் குடிபெயர்ந்தது. நரசராஜுவும் பின்னாளில் அங்கே உஷாகிரண் மூவீஸில் கதை இலாகாவைக் கவனித்தார். இளம் இயக்குநர்களின் கதைகளைக் கேட்டுத் திருத்தம் சொல்லும் நாற்காலியில், கே. வி. ரெட்டியிடம் பாடம் படித்தவர் அமர்ந்திருந்தார்.