பதவியிழந்த எபிரேயப் பேராசிரியர்

1870ஆம் ஆண்டிலே, ஸ்கொத்லாந்தின் அபடீன் நகரிலிருந்த சுயாதீனத் திருச்சபைக் கல்லூரியில் எபிரேய மொழியும் பழைய ஏற்பாடும் கற்பிக்கும் பேராசிரியராக ஓர் இளைஞர் நியமனம் பெற்றார். வயது 23. பெயர் வில்லியம் றொபேட்சன் சிமித். கீக் என்னும் கிராமத்திலே போதகர் ஒருவரின் மகனாய்ப் பிறந்து, தந்தையாரிடமே பாடங் கேட்டு வளர்ந்தவர். பௌதிகவியலிலும் வல்லவர் என்பதை நேயர்கள் அறிந்துகொள்வது நன்று. சான்றின்றி எதனையும் ஏற்காத பழக்கம் அவருக்கு அங்கிருந்து வந்திருத்தல் கூடும்.

1875இல் பிரித்தானிய கலைக்களஞ்சியத்தின் ஒன்பதாம் பதிப்பிலே வேதாகமத்தைப் பற்றி அவரெழுதிய கட்டுரை வெளிவந்தது. புயல் அதிலிருந்தே எழுந்தது.

உபாகமம் என்னும் நூலை எடுத்துக்கொள்வோம். மோசே தம் மக்களுக்குக் கூறிய இறுதியுரையாக அது அமைந்துள்ளது. ஆண்டவர் தெரிந்தெடுக்கும் ஓரிடத்திலன்றிப் பிறிதெங்கும் பலி செலுத்தலாகாது என அது விதிக்கின்றது. அங்ஙனமாயின், மோசேக்கு நெடுங்காலத்தின் பின் வாழ்ந்த சாமுவேல் வெவ்வேறு ஊர்களிலே பலியிட்டது எவ்வாறு? எலியா கர்மேல் மலையிலே இடிந்துகிடந்த பலிபீடத்தைச் செப்பனிட்டது எவ்வாறு? அவர்களை எவரும் கண்டித்திலரே! யோசியா மன்னன் காலத்தில், கி. மு. 7ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில், எருசலேம் ஆலயத்திலே ஒரு நியாயப்பிரமாண நூல் கண்டெடுக்கப்பட்டதென்றும், அதன் பின்னரே அம்மன்னன் நாட்டுப்புறப் பலிமேடைகளை அழித்தான் என்றும் இராசாக்களின் இரண்டாம் நூல் கூறும். அந்நூலுக்கும் உபாகமத்துக்கும் உள்ள தொடர்பை ஜேர்மானிய அறிஞர் டி வெற்ற 1805இலேயே சுட்டியிருந்தார். இன்றுள்ள வடிவில் உபாகமம் மோசேக்குப் பிற்பட்டதென்றும், அவர் வாயில் வைத்து உரைத்தது அக்கால இலக்கிய மரபேயன்றி வஞ்சகமன்று என்றும் சிமித் கருதினார்.

திருச்சபை கலங்கிற்று. அவரை எதிர்த்தோரை மூடரென ஒதுக்கிவிடுதல் எளிது, ஆனால் நியாயமன்று. இல்லந்தோறும் வேதம் வாசிக்கப்பட்ட நாடு அது. மோசேயின் பெயர் போனால் அடுத்து எது போகுமோ என எளிய மக்களுக்காக அவர்கள் அஞ்சினர்.

1877இல் அவர் கற்பித்தலினின்றும் நிறுத்தப்பட்டார். வழக்கு ஆண்டுக்கணக்கில் நீண்டது. 1880 மே மாதத்தில், பொதுப்பேரவை சொற்ப வாக்குகளால் அவரை எச்சரிக்கையோடு விடுவித்தது. விதியின் விளையாட்டைப் பாருங்கள்! அதற்கு முன்னரே அவரெழுதிக் கொடுத்திருந்த எபிரேய இலக்கியக் கட்டுரையைத் தாங்கிய கலைக்களஞ்சியத் தொகுதி அடுத்த சில நாள்களிலேயே வெளிவந்தது. மீண்டும் வழக்கு. 1881இல் பேராசிரியர் பதவி பறிக்கப்பட்டது.

போதகர் என்னும் நிலையை மட்டும் அவரிடமிருந்து எவரும் பறிக்கவில்லை; அவரும் துறக்கவில்லை. அவரது நண்பரான ஜேர்மானிய அறிஞர் வெல்கவுசன், 1882இல் இறையியற் பதவியைத் தாமே உதறிச் சென்றார். சிமித்தோ, இவ்வாராய்ச்சி விசுவாசத்துக்கு ஊறு செய்யாதென இறுதிவரை நம்பினார். பதவியிழந்த ஆண்டிலேயே தம் கொள்கையைப் பொதுமக்களுக்கு விளக்கி நிகழ்த்திய சொற்பொழிவுகளை நூலாக்கினார்.

1883இல் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகம் அவரை அரபு மொழிப் பேராசிரியராக ஏற்றது. பலி என்பது ஆதியில் தெய்வத்துக்கு இடும் கையுறையன்று, தெய்வமும் குலத்தோரும் கூடியுண்ட விருந்தென வாதிக்கும் ‘செமித்தியரின் சமயம்’ 1889இல் வெளிவந்தது. பிறேசர் தமது ‘பொற்கிளை’ நூலை அவருக்கே காணிக்கையாக்கினார்.

1894 மார்ச் 31ஆம் நாள், 47ஆம் வயதில், முள்ளந்தண்டுக் காசநோயால் சிமித் காலமானார். அவரது உடல் கீக் கிராமத்திலே அடக்கஞ் செய்யப்பட்டது.