துரைமாரல்லாத பிரித்தானியர்

பிரித்தானியரின் வரலாறு என்ற பெயரில் நம் பாடசாலைகளில் நெடுங்காலம் எது கற்பிக்கப்பட்டது? ஹென்றிகளும் ஜோர்ஜுகளும் முடிசூடிய ஆண்டுகள், அவர்கள் வென்ற போர்கள், பிடித்த நாடுகள், அங்கெல்லாம் அனுப்பிய தேசாதிபதிகள் ஆகியனவே. ஊவா மாகாணத்துத் தோட்டங்களில் வாழ்ந்த மக்களுக்கோ அந்த ஏட்டுப் பாடமும் தேவைப்படவில்லை. அவர்கள் கண்ட பிரித்தானியர், பங்களாவில் வாழ்ந்த பெரிய துரையும் அவருக்குக் கீழிருந்த சின்னத் துரையுமே. வெள்ளைத் தோல் என்றால் துரைத்தனம், கறுத்த தோல் என்றால் கூலி என்ற கணக்கு, பிரட்டுக்களத்திலேயே அவர்களுக்குப் படிப்பிக்கப்பட்டுவிட்டது.

பதுளை நகரிலுள்ள புனித மாற்கு தேவாலயம் மேஜர் தோமஸ் வில்லியம் றொஜர்ஸ் என்பவரின் நினைவாக எழுந்தது. இவர் பதுளையில் ஆட்சி அதிகாரியாக இருந்தவர், வீதிகள் அமைத்தவர், 1,400க்கு மேற்பட்ட யானைகளைச் சுட்டு வீழ்த்தியவர் எனப் பெயர்பெற்றவர், 1845ஆம் ஆண்டில் ஹப்புத்தளையில் மின்னல் தாக்கி மாண்டார். அவர் கொன்ற யானைகளுக்குக்கூடக் கணக்கு உண்டு. அவ்வீதிகளுக்குக் கல் சுமந்தவர்களின் பெயரையோ எந்தக் கல்லிலும் நாம் காணவில்லை. வரலாறு துரைமாரின் வரலாறாகவே எழுதப்படும்போது இரு சாரார் மறைக்கப்படுகின்றனர். ஒரு சாரார் இங்கே கல் சுமந்தவர்கள். மறு சாரார், துரைமாரின் சொந்த நாட்டிலேயே அவர்களுக்காக உழுதவர்கள், நெய்தவர்கள், நிலக்கரி வெட்டியவர்கள். இவ்விரண்டாம் சாராரை நம் வாசகருக்கு அறிமுகம் செய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும். அந்நாட்டிலேயே இவ்வரலாறு பாடநூல்களில் எளிதில் இடம்பெறவில்லை. 1938இல் ஏ. எல். மோர்ட்டன் இங்கிலாந்து மக்களின் வரலாற்றை எழுதினார், 1963இல் ஈ. பி. தொம்சன் அங்குத் தொழிலாளர் வர்க்கம் உருவான வரலாற்றை எழுதினார். அத்தகைய நூல்கள் காட்டும் இங்கிலாந்து, நம் பழைய பாடநூல்களின் இங்கிலாந்து அன்று.

முதலில் நிலத்தை எடுத்துக்கொள்வோம். 14ஆம் நூற்றாண்டின் நடுவில் கொள்ளைநோய் இங்கிலாந்து மக்களுள் பெரும் பகுதியினரைக் கொன்றது. உழுவதற்கு ஆள் குறைந்தது. எஞ்சியவர்கள் கூடிய கூலி கேட்டனர். உடனே நிலப்பிரபுக்களின் பாராளுமன்றம் 1351ஆம் ஆண்டுச் சட்டத்தினால் கூலியை நோய்க்கு முந்திய அளவிலேயே கட்டிப்போட்டது. அதன்மேல் தலைவரியும் வந்தது. 1381இல் வாட் டைலரும் ஜோன் போல் என்னும் ஏழைப் பாதிரியாரும் முன்னே செல்ல, குடியானவர்கள் இலண்டனுக்குள்ளேயே புகுந்தனர். பதினான்கு வயது அரசன் இரண்டாம் றிச்சட் அவர்கள் கேட்டதையெல்லாம் தருவதாக வாக்களித்தான். டைலர் வெட்டுண்டார், போல் கொல்லப்பட்டார், அரசனின் வாக்கு காற்றில் பறந்தது. 1649இல், முதலாம் சார்ள்ஸ் மன்னனின் தலை கொய்யப்பட்ட சில மாதங்களுள், ஜெராட் வின்ஸ்டன்லி என்பவர் சில ஏழைகளுடன் சறே மாவட்டத்துப் பொதுநிலம் ஒன்றிற் சென்று மண்ணைக் கொத்திப் பயிரிட்டார். நிலம் யாவருக்கும் பொது என்றார். அவர்களும் அடித்து விரட்டப்பட்டனர்.

அடுத்து வந்தது வேலியடைப்புக் காலம். 1750 முதல் 1850 வரையிலான நூறாண்டுகளில் ஏறக்குறைய 4,000 தனிச் சட்டங்களினால் கிராமத்துப் பொதுநிலங்கள் தனியுடைமையாக்கப்பட்டன. மாடு மேய்த்த தரையும் விறகு பொறுக்கிய காடும் ஏழைக்கு இல்லையென்றாயின. ஸ்கொத்லாந்தின் மலைப் பள்ளத்தாக்குகளில் குடியிருந்தோர், ஆட்டு மந்தைகளுக்கு இடம்விட்டுக் கடற்கரைக்கும் கடல்கடந்தும் துரத்தப்பட்டனர். அப் பள்ளத்தாக்கை அவர்கள் தம் மொழியில் ‘கிளென்’ என்பர். பதுளையை அடுத்த கிளென் அல்பின், ஹப்புத்தளைப் பகுதியின் கிளெனனோர் என்னும் தோட்டப் பெயர்களில் நாம் நாள்தோறும் உச்சரிப்பது அச்சொல்லையே. அங்கே மக்களை வெளியேற்றி வெறுமையாக்கிய பள்ளத்தாக்கின் பெயர், இங்கே காட்டை வெட்டிக் கோப்பியும் தேயிலையும் நட்ட மலைக்குச் சூட்டப்பட்டது.

பெயர் மட்டுமா வந்தது? முறையும் வந்தது. 1815இல் கண்டி இராச்சியத்தைக் கைப்பற்றிய பிரித்தானியர், 1817–18இல் ஊவா, வெல்லஸ்ஸ மக்கள் கிளர்ந்தெழுந்தபோது வீடுகளையும் வயல்களையும் அழித்துக் கெப்பெட்டிப்பொலவின் தலையை வெட்டினர். பின்னர் 1840ஆம் ஆண்டின் முடிக்குரிய காணிகள் சட்டம், உறுதிப் பத்திரம் காட்ட இயலாத காட்டையும் சேனை நிலத்தையும் அரசுடைமை எனக் கொண்டது. சிங்களக் குடியானவனுக்கு அவனுடைய சேனைக்கு எவர் உறுதி எழுதிக் கொடுத்தார்? அந்நிலம் தோட்டமாயிற்று. தோட்டத்துக்கு ஆள்கள் வேண்டுமென்று தமிழகத்தின் நிலமற்ற ஏழைகள் கங்காணிமாரினாற் கொண்டுவரப்பட்டனர். இங்கிலாந்தின் பொதுநிலத்தை இழந்தவனும், ஊவாவின் சேனையை இழந்தவனும், தமிழகத்தில் நிலமே இல்லாதிருந்தவனும் ஒருவரையொருவர் அறியாத மூவர். அவர்களது இழப்பினால் ஆதாயம் பெற்றோர் மட்டும் ஒருவரையொருவர் நன்கு அறிந்திருந்தனர்.

இனிச் சட்டத்தைப் பார்ப்போம். வேலைக்கு வருவதாக ஒப்பிய தொழிலாளி வேலையை விட்டு நீங்கினால் அது குற்றம், அவனைச் சிறையிலிடலாம். அதே ஒப்பந்தத்தை முதலாளி மீறினால் அது வெறும் பணவழக்கு. ‘எசமானும் வேலையாளும்’ என்ற பெயரில் வழங்கிய இச் சட்டங்களைத் தோட்டத் துரைமார் நமக்கெனப் புதிதாகச் செய்தனர் என்று நினைப்பவர் பலர். உண்மையில் இவை இங்கிலாந்துத் தொழிலாளியின் முதுகிலேயே முதலிற் பரீட்சிக்கப்பட்டவை. 1858 முதல் 1875 வரை இங்கிலாந்திலும் வேல்ஸிலும் இச் சட்டங்களின்கீழ் ஆண்டுக்குச் சராசரி 10,000 தொழிலாளர்மீது வழக்குத் தொடரப்பட்டது.

கூட்டுச் சேர்வதும் அங்குக் குற்றமாகவே இருந்தது. 1799, 1800ஆம் ஆண்டுச் சட்டங்கள் தொழிலாளர் சங்கத்தைத் தடைசெய்தன. 1824இல் அத்தடை நீங்கியது, அச்சம் நீங்கவில்லை. டோசெற் மாவட்டத்தின் டொல்படில் கிராமத்தில், கூலி வாரத்துக்கு ஏழு ஷில்லிங்காகக் குறைந்து மேலும் குறையவிருந்த வேளையில், ஜோர்ஜ் லவ்லெஸ் என்பவரும் தோழர்களும் சங்கம் அமைத்தனர். இரகசியச் சத்தியப்பிரமாணம் செய்தனர் என்று குற்றஞ்சாட்டி, 1834இல் அவ்வறுவரையும் ஏழாண்டுத் தண்டனையுடன் அவுஸ்திரேலியாவுக்கு நாடுகடத்தினர். நாடெங்கும் தொழிலாளர் ஊர்வலம் சென்றனர்; இலட்சக்கணக்கானோர் மனுவிற் கையொப்பமிட்டனர். 1836இல் அவர்களுக்கு மன்னிப்பு அளிக்கப்பட்டது. 1871இல் தொழிற்சங்கம் சட்ட அங்கீகாரம் பெற்றது. 1875இல் வேலை ஒப்பந்தத்தை மீறியவனைச் சிறைக்கு அனுப்பும் சட்டம் அங்கு ஒழிந்தது.

இலங்கையிலோ 1841ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கச் சட்டமும் 1865ஆம் ஆண்டின் 11ஆம் இலக்கச் சட்டமும் அதே சிறைத் தண்டனையை நிலைநாட்டின. தன் நாட்டில் அது ஒழிந்த பின்னரும் தோட்டத் துரை அதை இங்கே கைவிடவில்லை. அதனுடன் துண்டு முறையும் சேர்ந்துகொண்டது. கங்காணியிடம் பட்ட கடன் தீராமல், அக்கடனைக் குறித்த துண்டு இல்லாமல், தொழிலாளி இன்னொரு தோட்டத்திற் பேர் பதிய இயலாது. 1921ஆம் ஆண்டுச் சட்டமே துண்டை ஒழித்தது. கூலியைப் பணமாகவன்றிப் பண்டமாகக் கொடுப்பதை இங்கிலாந்து 1831இலேயே பல தொழில்களில் தடைசெய்திருந்தது. நம் தோட்டங்களிலோ அரிசியைக் கொடுத்து அதன் விலையைச் சம்பளத்திற் பிடித்துக்கொள்ளும் வழக்கம் அதன் பின்னரும் பல தலைமுறைகள் நீடித்தது.

இவ்விரு நிரல் ஆண்டுகளையும் கரும்பலகையில் எதிரெதிரே எழுதிப் பாருங்கள். பிரித்தானிய நாகரிகம் நமக்குச் சட்டத்தைத் தந்தது என்ற பெருமையின் உண்மை விளங்கும். வந்தது சட்டந்தான். ஆனால் எந்தச் சட்டத்தை எதிர்த்து அந்நாட்டு மக்கள் சிறை சென்றனரோ, அந்தச் சட்டமே வந்தது.

வாக்குரிமையின் கதையும் வேறன்று. 1819ஆம் ஆண்டு ஓகஸ்ட் 16ஆம் திகதி மான்செஸ்டர் நகரின் புனித பீற்றர் திடலில், பாராளுமன்றச் சீர்திருத்தம் கேட்டு ஏறக்குறைய 60,000 மக்கள் கூடினர். குதிரைப்படை வாளுடன் அவர்களுள் பாய்ந்தது. குறைந்தது 15 பேர் இறந்தனர், நூற்றுக்கணக்கானோர் காயமுற்றனர். 1832ஆம் ஆண்டுச் சீர்திருத்தம் நடுத்தர வகுப்பாருக்கு வாக்களித்தது. அதற்காகத் தெருவில் நின்ற தொழிலாளியை வெளியே நிறுத்தியது. அதன் பின்னரே சாசன இயக்கம் பிறந்தது. ஆண்கள் அனைவருக்கும் வாக்கு, இரகசிய வாக்கெடுப்பு, உறுப்பினருக்குச் சம்பளம் முதலிய ஆறு கோரிக்கைகளுடன் 1842இல் 33 இலட்சம் கையொப்பங்கள் பாராளுமன்ற வாயிலுக்குச் சுமந்து செல்லப்பட்டன. பாராளுமன்றம் அதைத் தள்ளியது. நகரத் தொழிலாளருட் பலருக்கு 1867இலும், கிராமத் தொழிலாளருட் பலருக்கு 1884இலும், எல்லா ஆண்களுக்கும் 30 வயது கடந்த பெண்களுட் பெரும்பாலாருக்கும் 1918இலும், பெண்களுக்குச் சமமாக 1928இலும் வாக்கு வந்தது.

அதற்கு மூன்றாண்டுகளின் பின், 1931இல், இலங்கையில் சர்வஜன வாக்குரிமை நடைமுறைக்கு வந்தது. ஆயினும் தோட்டத் தொழிலாளருக்கு நிரந்தர வதிவு என்னும் வேலி போடப்பட்டது. அவ்வேலியையும் கடந்து வாக்களித்த மக்கள் 1947இல் இலங்கை இந்தியக் காங்கிரசின் எழுவரைப் பாராளுமன்றம் அனுப்பினர். துரைமாரின் ஆட்சி போனது. 1948ஆம் ஆண்டுப் பிரஜாவுரிமைச் சட்டமும் 1949ஆம் ஆண்டுத் தேர்தற் சட்டத் திருத்தமும் வந்தன. 1952ஆம் ஆண்டுத் தேர்தலில் அவ்வெழுவருள் ஒருவருக்கும் இடமில்லை. நாடற்றவர் என்ற பெயர் முற்றாக நீங்க 2003ஆம் ஆண்டுச் சட்டம் வரை காத்திருக்க வேண்டியதாயிற்று. வாக்கைப் பறித்தவர்கள் வெள்ளையரல்லர் என்பதை நாம் மறத்தலாகாது. உழைப்பவன் கையில் வாக்குச் சீட்டைக் கண்டு அஞ்சும் மனத்துக்குத் தோலின் நிறம் ஒரு பொருட்டன்று.

ஆயின், பிரித்தானியத் தொழிலாளியும் தோட்டத் தொழிலாளியும் ஒன்றே என்று நாம் சொல்கிறோமா? இல்லை. அப்படிச் சொல்வது பொய்யாகும். கிளாஸ்கோ நகரின் ஏழைக் குடும்பமொன்றில், அயர்லாந்திலிருந்து வந்த பெற்றோருக்குப் பிறந்தவர் தோமஸ் லிப்டன். 1871இல் சிறு கடையொன்றைத் திறந்தார். 1890இல் ஹப்புத்தளையின் தம்பத்தென்ன உள்ளிட்ட தோட்டங்களை வாங்கினார். தேயிலையை மலிவாக விற்றே பெரும் செல்வரானார். ஆலைத் தொழிலாளியின் பசியைச் சூடான தேநீரும் சீனியும் ரொட்டியும் ஆற்றின. அந்தத் தேநீர் மலிவாக இருந்தமைக்குக் கொழுந்து பறித்தவளின் அரைப்பேரும் ஒரு காரணம். தன் கோப்பையில் இருந்தது எவருடைய உழைப்பு என்று அங்குள்ளவர் பலர் கேட்கவில்லை. 1889இல் இலண்டன் துறைமுகத் தொழிலாளர் மணிக்கு ஆறு பென்ஸ் கூலி கேட்டு வேலைநிறுத்தம் செய்து வென்றனர். கீழைநாட்டுச் சரக்குகளைச் சுமந்து இறக்கிய தோள்கள் அவர்களுடையவை. அச்சரக்கை ஏற்றி அனுப்பிய தோள்களுக்கு அவ்வெற்றியிற் பங்கு கிட்டவில்லை. இக்குறையை மறைத்துவிட்டு உலகத் தொழிலாளர் ஒற்றுமை பேசுவது மேடைக்கு உதவும், வரலாற்றுக்கு உதவாது.

ஆனால் அவ்வெல்லையைக் கடந்தவர்களும் இருந்தனர். இலண்டனிற் பிறந்து அவுஸ்திரேலியாவில் வளர்ந்த மார்க் அந்தனி பிரேஸ்கேர்டில், 1936இல் மடுல்கலைத் தோட்டமொன்றுக்குத் துரைவேலை பழக வந்தார். தொழிலாளர் பக்கம் நின்றமையால் வேலை இழந்தார். 1937 ஏப்ரலில் நாவலப்பிட்டிக் கூட்டத்திற் பேசினார். தேசாதிபதி அவரை நாடுகடத்த ஆணையிட்டார். உயர் நீதிமன்றம் அவ்வாணை செல்லாது என்றது. வெள்ளையரெல்லாம் துரைமார் என்ற கணக்கு அன்று மலைநாட்டு மக்கள் கண்முன்னே பிழைத்தது.

1940ஆம் ஆண்டில் வேலைநிறுத்த அலை ஊவாவுக்கு வந்தது. பதுளைக்கு வரக்கூடாதென்ற தடையை மீறி, மே 12ஆம் திகதி என். எம். பெரேரா பதுளையிற் பெருங்கூட்டத்திற் பேசினார். அவர் இலண்டனில் ஹரல்ட் லஸ்கியிடம் பயின்றவர். பதுளையை அடுத்த வெவெஸ்ஸ தோட்டத்தில் தொழிலாளர் தமக்கென ஒரு சபையைத் தேர்ந்தெடுத்தனர். அச்சபையைக் கலந்தே நடப்பதாகத் துரையும் ஒப்பினார். அடக்க வந்த ஆயுதப் பொலிசாரின் ஆயுதங்கள் பறிக்கப்பட்டன. பின்னர் பொலிஸ் அடக்குமுறையும், ஊவாவை வெளியுலகினின்றும் துண்டித்த பெருவெள்ளமும் அப்போராட்டத்தை முறித்தன. வெவெஸ்ஸ மக்கள் டொல்படிலைப் பற்றியோ சாசன இயக்கத்தைப் பற்றியோ கேள்விப்பட்டிருக்கமாட்டார்கள். ஆயினும் எது செய்யவேண்டுமோ அதையே செய்தனர்: கூடினர், தேர்ந்தெடுத்தனர், பேச உரிமை கேட்டனர்.

இவ்வரலாற்றை நம் மாணவர் ஏன் படிக்கவேண்டும்? இரு மயக்கங்கள் தெளிவதற்காக. ஒன்று, வெள்ளையர் காலமே நல்ல காலம், அவர்கள் தந்தவையே நம் உரிமைகள் என்னும் அடிமை மயக்கம். அவர்களுடைய பிரபுக்கள் தம் நாட்டு மக்களுக்கே எதையும் தாமாகத் தந்ததில்லை; கேட்டு, மறுக்கப்பட்டு, மீண்டும் கேட்டுப் பெறப்பட்டவையே யாவும். மற்றொன்று, துரை போனால் துயரும் போகும் என்னும் மயக்கம். 1972, 1975ஆம் ஆண்டுகளின் காணிச் சீர்திருத்தத்தினால் தோட்டங்கள் அரசுடைமையாயின; 1992இல் நிருவாகம் மீண்டும் தனியார் கம்பனிகளிடம் சென்றது. உடைமை இத்தனை கைகள் மாறியும் லயன் மாறவில்லை. 2014ஆம் ஆண்டு ஒக்டோபர் 29ஆம் திகதி கொஸ்லந்தை மீரியபெத்தையில் மலை சரிந்தபோது மண்ணுட் புதைந்தவை அந்த லயன் அறைகளே.

ஆகவே ஆசிரிய நண்பர்களே, அரசர்களின் ஆண்டுகளை மாணவர் மறந்தாலும் வருந்தாதீர்கள். 1381, 1834, 1842, 1875 என்று ஒரு பக்கமும், 1818, 1865, 1921, 1940, 1948 என்று மறுபக்கமும் எழுதுங்கள். ஒவ்வோர் ஆண்டிலும் எவர் எதைக் கேட்டனர், எவர் மறுத்தனர் என்று வினவுங்கள். தேயிலை மலையில் தாய் கொழுந்து பறிக்க, வகுப்பில் அமர்ந்திருக்கும் பிள்ளை, மான்செஸ்டரின் நெசவாளி மகனைத் துரையென்று எண்ணாது தன்னைப் போன்றவனென்று உணர்வானாயின், அன்றே அவன் வரலாறு படிக்கத் தொடங்கிவிட்டான் என்று கொள்ளலாம்.