விற்பவள், விற்பவன், விற்பவர்

பிரித்தானியாவில் பால் அடிப்படையிலான பாரபட்சத்தைத் தடைசெய்ய 1975ஆம் ஆண்டு கொண்டுவரப்பட்ட சட்டத்தின் 38ஆம் பிரிவு வேலை விளம்பரங்களைப் பற்றியது. அதில் உதாரணத்துக்காக நான்கு தொழிற்பெயர்கள் தரப்பட்டிருந்தன: வெயிற்றர், சேல்ஸ்கேள், போஸ்ற்மன், ஸ்ருவேடஸ். ஆள் தேவை என்று விளம்பரம் செய்பவர் இப்படி ஆணையோ பெண்ணையோ மட்டும் சுட்டும் ஒரு பெயரைப் போட்டுவிட்டு, மற்றப் பாலாரும் விண்ணப்பிக்கலாம் என்பதற்கு எந்த அறிகுறியும் காட்டாமல் விட்டால், பாரபட்சம் காட்டும் எண்ணத்துடனேயே அதைப் போட்டார் என்று கொள்ளப்படும். 1975 டிசம்பர் 29இல் நடைமுறைக்கு வந்த இந்தச் சட்டம் 2010இன் சமத்துவச் சட்டத்துக்குள் கரையும்வரை இருந்தது.

உணவகத்தில் வேலை செய்கிற எங்களுக்கு, எங்கள் தொழிலின் பெயர் ஒரு சட்டப் புத்தகத்தில் ஆகாத உதாரணமாக நிற்பதைப் பார்க்க ஒருவித வேடிக்கையாகவே இருக்கிறது. ஆனால் நாம் இங்கே பேச நினைப்பது வெயிற்றரைப் பற்றியல்ல, அவருக்குப் பக்கத்தில் நிற்கும் சேல்ஸ்கேளைப் பற்றி. 'விற்பனைப் பெட்டை' என்ற அந்தப் பெயரின் இடத்துக்கு 'சேல்ஸ்பேர்சன்' வந்தது. நாம் விற்பனையாளர் என்கிறோம். இந்தச் சொல் சட்டத்தோடு பிறந்ததல்ல, முன்பே இருந்ததுதான். சட்டம் அதற்கு வேலை கொடுத்தது.

அப்படியானால் அதற்கு முன்னர், கூவி விற்பவரை ஆணா பெண்ணா என்று பாராமல் குறிக்க ஆங்கிலத்தில் சொல்லே இருக்கவில்லையா? இருந்தது. எண்ணூறு வருடமாக இருக்கிறது. 'ஹக்ஸ்ரர்' என்பது அந்தச் சொல். இன்றைய அகராதியைப் புரட்டினால் சில்லறைச் சாமான் விற்பவர், தொண்டை கிழியக் கூவி வாங்குபவர் தலையில் கட்டிவிடுபவர், ஏமாற்றுக்காரர் என்று பொருள்கள் வரிசையாக இறங்கிப்போகும். ஆண், பெண் என்ற குறிப்பு கிடையாது. சட்டம் தேடிய பொதுச்சொல் சந்தையிலேயே கிடந்திருக்கிறது! ஆனால் அது எப்படிப் பொதுச்சொல் ஆனது என்பதுதான் யோசிக்க வேண்டிய சங்கதி.

எங்கள் மொழியில் உழவனுக்கு உழத்தி, இடையனுக்கு இடைச்சி என்று பெண்பால் விகுதி இருப்பதுபோலப் பழைய ஆங்கிலத்தில் ஒரு விகுதி இருந்தது. இன்று அது '-ஸ்ரர்' என்று ஒலிக்கிறது. துணி நெய்பவள் வெப்ஸ்ரர். பாண் சுடுபவள் பக்ஸ்ரர். பியர் காய்ச்சுபவள் புறூஸ்ரர். நூல் நூற்பவள் ஸ்பின்ஸ்ரர். இவற்றில் பல இன்று வெறும் குடும்பப் பெயர்கள். 1828இல் அமெரிக்க ஆங்கிலத்துக்குப் பேரகராதி வெளியிட்ட நோவா வெப்ஸ்ரரின் குடும்பப் பெயருக்கு விகுதிப்படி 'நெய்பவள்' என்று பொருள். மொழிக்கே நீதிபதியாக மதிக்கப்பட்ட ஒரு மனிதரின் பெயருக்குள் யாரோ ஒரு தறிக்காரி உட்கார்ந்திருக்கிறாள்.

ஹக்ஸ்ரரும் இதே விகுதி கொண்ட சொல்தான். கண்டிப்பாக ஒரு காலத்தில் பெண்களை மட்டுமே குறித்தது என்று அடித்துச் சொல்ல மொழியறிஞர்கள் தயங்குகிறார்கள், ஏனென்றால் ஆண்களும் மிக முன்னதாகவே அப்பெயரால் அழைக்கப்பட்டிருக்கிறார்கள். ஆனால் மத்திய கால இங்கிலாந்தின் நகரங்களில் இத்தொழிலில் பெருமளவு பெண்களே இருந்தார்கள் என்பதில் சந்தேகமில்லை. பாண் சுடுபவரிடம் பாண், காய்ச்சுபவரிடம் பியர், தோட்டக்காரரிடம் முட்டையும் மரக்கறியும் வாங்கி, கூடையில் சுமந்து, தெருவிலும் வாசற்படியிலும் சில்லறையாக விற்பது அவர்களது வேலை. அதற்குக் கடை தேவையில்லை. தொழிற்சங்கமாக இயங்கிய கில்ட்டுகளில் உறுப்புரிமை தேவையில்லை. பெரிய முதல் தேவையில்லை. முதல் இல்லாதவர்களுக்கு மிஞ்சிய தொழில் அது. விதவைகள், கூலிக்காரரின் மனைவிமார், ஊர்விட்டு நகரத்துக்கு வந்தவர்கள்... யார் செய்திருப்பார்கள் என்பதைப் புரிந்துகொள்ள எங்களுக்கு அதிகம் படிக்கத் தேவையில்லை.

இந்தச் சொல் எழுத்தில் காணப்படும் மிகப் பழைய இடம் 1200ஆம் ஆண்டளவிலான 'ஒர்முலம்' என்ற கிறிஸ்தவச் செய்யுள் நூல். அங்கேயே அது வசையுடன்தான் வருகிறது. ஆண்டவனின் வீட்டைச் சில்லறை விற்பவர்களின் சாவடியாக்கி விட்டார்கள் என்ற கண்டனத்தில்! நகர நிர்வாகங்களும் இவர்களை நிம்மதியாக விடவில்லை. காலையில் குறிப்பிட்ட நேரம்வரை இவர்கள் சந்தையில் கொள்முதல் செய்யக்கூடாது. சந்தையில் வாங்கியதை அங்கேயே கூடுதல் விலைக்கு விற்றால் தண்டம். பண்டத்தின் விலை ஏறும்போதெல்லாம் முதலில் கைநீட்டிக் காட்டப்பட்டவர்கள் இவர்கள்தான். மொத்த வியாபாரி விலையேற்றினால் அதற்குப் பெயர் சந்தை நிலவரம், கூடைக்காரி ஏற்றினால் அது குற்றம்.

14ஆம் நூற்றாண்டில் வில்லியம் லாங்லண்ட் எழுதிய 'பியர்ஸ் பிளவ்மன்' காவியத்தில் பேராசை என்பவன் தன் பாவங்களை ஒப்புவிக்கிறான். அவனுடைய மனைவியின் பெயர் றோஸ். அவள் துணி நெய்விக்கிறாள், பியர் காய்ச்சி விற்கிறாள், சில்லறை வியாபாரம் செய்கிறாள், எல்லாவற்றிலும் களவு செய்கிறாள். கவனிக்க வேண்டியது, கணவனும் கள்ளன்தான். துணி வியாபாரிகளிடம் தொழில் பழகி, துணியை இழுத்து நீட்டி அளவு கூட்டக் கற்றவன். லாங்லண்ட் இருவரையும் விடவில்லை. ஆனால் கணவனின் தொழிற்பெயர் இன்றும் மரியாதையாக இருக்கிறது. 'டிறேப்பர்' என்றால் துணிக்கடைக்காரர், அவ்வளவுதான். இலண்டனின் பெரிய பன்னிரண்டு வணிகக் கில்ட்டுகளில் ஒன்று அவர்களுடையது. மனைவியின் தொழிற்பெயர்தான் வசைச்சொல் ஆனது.

இது தற்செயலா? பியரின் கதையைப் பார்த்தால் அப்படித் தோன்றவில்லை. ஜூடித் பெனற் என்ற வரலாற்றாசிரியர் 1996இல் வெளியிட்ட ஆய்வு நூலில் காட்டுவது இது: 1300ஆம் ஆண்டளவில் இங்கிலாந்தில் பியர் காய்ச்சியவர்களில் பெரும்பாலானோர் பெண்கள். 1600இல் பெரும்பாலானோர் ஆண்கள். இடையில் நடந்தது என்ன? பழைய வகைப் பியர் சில நாட்களில் புளித்துவிடும். எனவே வீட்டிலே கொஞ்சம் காய்ச்சி அயலில் விற்பதுதான் முறை. ஹொப்ஸ் பூச் சேர்த்த புதிய பியர் கனகாலம் கெடாமல் இருந்தது. பெருமளவில் காய்ச்சலாம், தூரத்துக்கு அனுப்பலாம். ஆனால் அதற்குப் பெரிய பாத்திரங்களும் முதலும் கடனும் வேண்டும். மணமான பெண் தன் பெயரில் ஒப்பந்தம் செய்வதும் கடன் எடுப்பதும் கஷ்டமாக இருந்த காலம். தொழிலில் இலாபம் ஏற ஏற, புறூஸ்ரர் வெளியேறினாள், புறூவர் உள்ளே வந்தார். தெருவில் கூடையோடு நிற்பதில் பெரிய இலாபம் எந்தக் காலத்திலும் இருக்கவில்லை, ஆகையால் ஹக்ஸ்ரரின் இடத்துக்கு யாரும் அடிபடவில்லை.

விகுதியின் கதியும் விசித்திரமானது. அது பெண்பால் என்பதே மறந்துபோனதால், பாடுபவளுக்கும் தைப்பவளுக்கும் அதன் தலையில் இன்னொரு பெண்பால் விகுதியை ஏற்றி 'சோங்ஸ்றஸ்', 'சீம்ஸ்றஸ்' என்றாக்கினார்கள். ஒரே பெண்ணுக்கு இரண்டு தரம் 'பெண்' என்று முத்திரை! கடைசிவரை பெண்பாலாகவே நின்றது ஸ்பின்ஸ்ரர் மாத்திரம். அதுவும் நூல் நூற்பதை விட்டுவிட்டுக் கலியாணமாகாதவள் என்ற பொருளில். இங்கிலாந்தின் திருமணப் பதிவுகளில் அது 2005வரை இருந்தது.

'-மொங்கர்' என்று முடியும் சொற்களும் உண்டு. மீன் விற்பவர் 'ஃபிஷ்மொங்கர்'. இது ஆணுக்கும் பெண்ணுக்கும் பொது. இலண்டனில் ஃபிஷ்மொங்கர்களுக்கும் பெரிய கில்ட் இருந்தது. பில்லிங்ஸ்கேற் மீன்சந்தையில் கூடை சுமந்த பெண்களுக்கோ 'ஃபிஷ்வைஃப்' என்று வேறு பெயர். அது வாய்காட்டும் பெண்ணுக்கான வசையாயிற்று. பொதுச்சொல் பக்கத்திலேயே இருந்தும் அது அவளுக்குக் கிடைக்கவில்லை.

ஹக்ஸ்ரரின் அடுத்த பிறவி அமெரிக்காவில். 1946இல் பிரெடரிக் வேக்மன் 'த ஹக்ஸ்ரர்ஸ்' என்ற நாவலை எழுதினார். சவர்க்காரக் கம்பனி முதலாளியின் காலடியில் கிடக்கும் வானொலி விளம்பரக்காரர்களின் கதை. அடுத்த வருடமே கிளார்க் கேபிள் நடிக்கப் படமாயிற்று. கோட்டும் ரையும் அணிந்து, நல்ல சம்பளம் எடுத்து, கோடிக்கணக்கானோரின் காதுக்குள் கூவி விற்கிற ஆண்களை இழித்துச் சொல்ல ஒரு சொல் வேண்டியிருந்தது. கூடைக்காரியின் பெயர் கைக்கு வந்தது. கூடை போய்விட்டது, கூடைக்காரியும் போய்விட்டாள், இழிவு மட்டும் மிஞ்சியது. ஒரு சொல் பொதுச்சொல் ஆவதற்கு இப்படியும் ஒரு வழி இருக்கிறது: அது யாருடையது என்பதை எல்லோரும் மறந்துவிடுவது.

மற்ற வழி சட்டம். 19ஆம் நூற்றாண்டின் கடைசியில் இலண்டனின் பெரிய கடைகளில் இளம்பெண்கள் ஆயிரக்கணக்கில் வேலைக்கு வந்தார்கள். கடையின் மேல்மாடியிலோ முதலாளியின் விடுதியிலோ படுக்கை, அவர் போடும் சாப்பாடு, சின்னப் பிழைக்கும் தண்டம், நாள் முழுக்க நின்றபடி வேலை. பதினான்கு வயதில் இப்படிக் கடைக்கு வந்த மார்கரட் பொண்ட்ஃபீல்ட் பின்னர் தொழிற்சங்கவாதியாகி, 1929இல் பிரித்தானிய அமைச்சரவையின் முதற் பெண் அமைச்சரானார். 1899இல் ஒரு சட்டம் வந்தது. கடையில் மூன்று பெண்களுக்கு ஒரு கதிரை என்ற விகிதத்தில் முதலாளி கதிரை போடவேண்டும். ஆண்களுக்கு இல்லை. பெண் பலவீனமானவள், பிள்ளை பெற வேண்டியவள் என்ற அக்காலக் கருத்தும் அந்தக் கதிரையில் சேர்ந்தே உட்கார்ந்திருந்தது.

நூறு வருடத்துக்கும் மேலாகக் கழிந்தபின் இதே கதிரைக்காகக் கேரளத்தில் போராட வேண்டியிருந்தது. கோழிக்கோட்டின் துணிக்கடைப் பெண்கள் விஜி என்ற தையற்காரரின் தலைமையில் திரண்டு, இருக்கும் உரிமையைக் கேட்டார்கள். 2018இல் கேரளமும் 2021இல் தமிழ்நாடும் தமது கடைச் சட்டங்களைத் திருத்தின. தியாகராய நகர்க் கடைகளின் விடுதியையும் வீங்கிய கால்களையும் 2010இல் 'அங்காடித் தெரு' படத்தில் பார்த்தவர்களுக்கு அதன் பெறுமதி விளங்கும். இங்கே ஒரு வித்தியாசம் முக்கியம். 1899இன் சட்டம் 'பெண் பணியாளர்' என்றது. கேரளத்தினதும் தமிழ்நாட்டினதும் சட்டங்கள் எல்லாப் பணியாளருக்கும் என்கின்றன. பெண்கள் கேட்டு வாங்கிய கதிரையில் பக்கத்துக் கவுண்டர் பெடியனும் இருக்கிறான். பொதுச்சொல்லால் பயனில்லை என்று சொல்ல வருபவர்களுக்கு நாம் காட்டக்கூடிய நல்ல உதாரணம் இதுதான்.

ஆனால் சம்பளத்துக்கு வந்தால் கதை வேறு. பிரித்தானியாவில் சம சம்பளச் சட்டமும் 1975இன் அதே டிசம்பர் 29இல்தான் நடைமுறைக்கு வந்தது. சேல்ஸ்கேள் போய் சேல்ஸ்பேர்சன் வந்தார். பின்னர் 'சேல்ஸ் கொன்சல்ரன்ற்' வந்தார், அதாவது விற்பனை ஆலோசகர்! நெக்ஸ்ற் என்ற துணிக்கடை நிறுவனத்தில் இந்தப் பெயருடன் வேலை செய்த 3,500க்கும் மேற்பட்டோர், களஞ்சியத்தில் வேலை செய்பவர்களுக்குத் தங்களைவிடக் கூடிய மணிச்சம்பளம் ஏன் என்று கேட்டு வழக்குப் போட்டார்கள். கடைகளில் 77.5 வீதம் பெண்கள், களஞ்சியத்தில் 52.75 வீதம் ஆண்கள். வெளிச்சந்தையில் அந்தந்த வேலைக்கு உள்ள விலையைத்தான் கொடுக்கிறோம் என்றது நிறுவனம். 2024 ஆகஸ்டில் தொழில் நியாயசபை அதை ஏற்க மறுத்தது. மேன்முறையீடு செய்யப்போவதாக நிறுவனம் அறிவித்தது. பெயரில் பால் நீங்கி அரை நூற்றாண்டு கழிந்தும், 'சந்தை விலை' என்ற பழைய கூடைக்காரிக் கணக்கு அப்படியே இருந்திருக்கிறது.

எங்கள் சமையலறையிலும் ஒரு பொதுப்பாற் பெயர் உண்டு. 'கிச்சன் போட்டர்'. கோப்பை கழுவுகிறவர். சட்டப்படி அதில் ஒரு குறையும் கண்டுபிடிக்க முடியாது. ஆனால் நாம் வேலை செய்த சமையலறைகளில் அந்தப் பெயரில் நின்றவர்கள் எல்லோரும் ஆண்கள், எல்லோரும் அகதிகள். வாசலில் 'வெயிற்றிங் ஸ்ராஃப்' என்று பொதுவாக எழுதி ஆள் எடுத்தாலும், மேசைக்கு யார், தொட்டிக்கு யார் என்பது உள்ளே வரமுன்னமே முடிவாகிவிடுகிறது.

தமிழுக்கு இதில் பெரிய கஷ்டம் இருக்கத் தேவையில்லை. 'ர்' விகுதி இருக்கிறது. அதைவிட நல்ல 'ஆள்' இருக்கிறது, ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒன்றாக. இலண்டனில் எம்மவர் கடைகளின் கண்ணாடியில் ஒட்டியிருக்கும் துண்டுகளைப் பாருங்கள். 'கடைக்கு ஆள் தேவை' என்று இருக்கும். அது ஆண்பிள்ளை என்று எல்லோருக்கும் தெரியும். காசுப்பெட்டிக்கு என்றால் 'பெண்பிள்ளை தேவை' என்று தனியாக எழுதியிருக்கும். சம்பளம் எவ்வளவு என்று இரண்டிலும் எழுதியிருப்பதில்லை.